ஒன்பது பாகைக் குளிரில் மட்டும் நடுங்கிய கார்

காலை ஐந்தே முக்காலுக்கு எங்கள் காருக்குக் குளிர்சுரம். ஏழு மணிக்குத் தலவாக்கலையில் இறங்கிக் கதவைப் பூட்டும்போது அதற்கு ஒன்றுமே இல்லை. இந்த ஒரு காரணத்துக்காகவே மூன்று கராஜ்காரர்கள் ஏறத்தாழ இரண்டு மாதங்கள் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தார்கள்.

வீடு இலங்கையின் நுவரெலியா மாவட்டத்தில், நானுஓயாவுக்கு மேலே, தேயிலை மலையின் ஓரத்தில் இருக்கிறது. பள்ளிக்கூடம் தலவாக்கலைப் பக்கம். விஞ்ஞானம் கற்பிக்கிறேன். கார் ஜப்பானில் பிறந்தது, வயது இருபதைத் தாண்டியது, 1500 சி.சி. எஞ்சின். அதன் பெயரைச் சொல்லப்போவதில்லை. பாவம், குற்றம் அதனுடையது அல்ல என்பதைக் கடைசியில் கண்டுபிடித்தோம். கரையோர ஊர்க்காரர் ஒருவரிடமிருந்து மூன்று வருடங்களுக்கு முன் வாங்கினேன். வேறு கார் பார்க்கலாமே என்று சொன்னவர்கள் உண்டு. 2020 மார்ச்சில் நின்ற தனியார் வாகன இறக்குமதி 2025 பெப்ரவரியில்தான் மறுபடி திறந்தது. இடைப்பட்ட வருடங்களில் பழைய வாகனங்கள் நகைபோல் விலை ஏறின. ஆசிரியர் சம்பளத்தில் வேறு கார் பார்ப்பது என்பது, வேறு கார்களைப் பார்த்துக்கொண்டு நிற்பதுதான்.

மார்கழி பிறந்ததும் தொல்லை தொடங்கியது. சாவியைத் திருப்பினால் உடனே உயிர் வரும். எஞ்சினின் சுற்று நிமிடத்துக்கு 1500 வரை ஏறும். பத்து விநாடி போகாது, முள் 600க்குச் சரியும், எழும்பும், மறுபடி சரியும். ஸ்டீயரிங் கையில் துடிக்கும். முன்கண்ணாடியில் தொங்கும் சின்னப் பிள்ளையார் ஆடுவார். மூன்றாம் அல்லது நான்காம் நிமிடத்தில், யாரோ தோளில் தட்டிச் சமாதானம் சொன்னதுபோல் எல்லாம் அடங்கிவிடும். அதன் பிறகு நாள் முழுக்க அதைப்போல நல்ல வண்டி நாட்டிலேயே இல்லை.

சிறிய தொல்லைதானே என்று விட்டுவிடலாம். ஆனால் எங்கள் வழியில் ரதெல்ல குறுக்கு வீதி இருக்கிறது. அந்தச் செங்குத்தான இறக்கம் தெரிந்தவர்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. பிரேக் மிதியை இலேசாக்குவது எஞ்சின் உறிஞ்சும் வெற்றிடம்தான். எஞ்சின் நின்றுவிட்டால் ஒன்றிரண்டு மிதிகளுக்கு மட்டும் அந்த உதவி மிஞ்சும். பிறகு மிதி கல்லாகிவிடும், ஸ்டீயரிங்கும் கனக்கும். ஒருநாள் வீட்டு வாசல் வளைவிலேயே கார் செத்தது. பின்னால் உருளைக்கிழங்கு லொறி. அன்றைக்குத்தான் இதை விடக்கூடாது என்று முடிவு செய்தேன்.

முதல் கராஜில் நான் போய்ச் சேர்ந்தபோது மணி பத்து. எஞ்சின் சூடு. "டீச்சர், ஸ்டார்ட் செய்யும்போது அக்சிலரேட்டரை மிதிக்கிறீர்களா?" என்பதுதான் முதல் கேள்வி. இல்லை என்றேன். "கிளட்ச்?" ஓட்டோ கியர் வண்டியில் கிளட்ச் எங்கே இருக்கிறது என்று திருப்பிக் கேட்டேன். அவருக்குக் கோபம் வந்திருக்க வேண்டும். நான்கு ஸ்பார்க் பிளக்குகளையும் கழற்றிக் காட்டினார். நுனியெல்லாம் அடுப்புக்கரிபோலக் கறுப்பு. "பார்த்தீர்களா, பெற்றோல் கூடுதலாக எரிகிறது" என்றார். புதுப் பிளக்குகள் போட்டோம். இரண்டு நாள் நன்றாக இருந்தது. மூன்றாம் நாள் பிள்ளையார் ஆடத் தொடங்கினார்.

இரண்டாவது இடத்தில், பிளக்குக்குப் பொறி மின்சாரம் தரும் கொயில் பழுது என்றார்கள். இந்த வகை எஞ்சினில் ஒவ்வொரு பிளக்குக்கும் மேலே ஒரு கொயில் உட்கார்ந்திருக்கும். எங்கள் பக்கத்து மூடுபனியில் ஈரம் இறங்கி மின்பொறி வழிதவறுவது சகஜம், அதனால் அவர்களின் ஊகத்தில் நியாயம் இருந்தது. ஒன்றை மாற்றினார்கள். மாற்றம் இல்லை. எஞ்சினுக்குள் போகும் காற்றைத் திறந்து மூடும் த்ரோட்டிலைக் கழற்றிக் கழுவினார்கள். உள்ளே இருந்த பிசுக்கைப் பார்த்தபோது கொடுத்த பணம் வீண்போகவில்லை என்று தோன்றியது உண்மை; நடுக்கம் மட்டும் போகவில்லை.

இதற்கிடையில் இலவச ஆலோசனைகள். பக்கத்து வீட்டு அண்ணன், "இந்த உயரத்துக்கு எல்லா வண்டியும் இப்படித்தான், காற்றே இல்லையே" என்றார். நுவரெலியா நகரம் கடல்மட்டத்திலிருந்து 1868 மீற்றர். அங்கே காற்றழுத்தம் கடற்கரையைவிட ஏறக்குறைய ஐந்தில் ஒரு பங்கு குறைவு. தண்ணீர்கூட 94 பாகையிலேயே கொதித்துவிடும். காற்றுக் குறைவுக்கேற்பப் பெற்றோலைக் குறைக்கத் தெரியாத காபரேற்றர் வைத்த பழைய வண்டிகள் இங்கே ஏறியதும் கறுப்புப் புகை கக்கியதற்குக் காரணம் அதுதான். ஆனால் எங்கள் வீட்டின் உயரம் முதல் நிமிடத்திலும் ஐந்தாம் நிமிடத்திலும் ஒன்றுதானே? வண்டி மட்டும் ஏன் ஐந்தாம் நிமிடத்தில் குணமாகிறது? அண்ணனிடம் இதைக் கேட்கவில்லை. நல்ல மனிதர், அவசரத்துக்கு ஜம்ப் வயர் தருபவர்.

95 ஒக்டேன் அடித்துப் பாருங்கள் என்றார் இன்னொருவர். ஒக்டேன் எண் சொல்வது, சிலிண்டரின் அழுத்தத்தில் பெற்றோல் தானாக வெடித்துவிடாமல் எவ்வளவு தாக்குப்பிடிக்கும் என்பதை மட்டும்தான். குளிரில் பற்றவைப்பதற்கும் அதற்கும் தொடர்பில்லை. ஆனாலும் ஒரு தடவை அடித்தேன். நம்பிக்கை என்பது விஞ்ஞான ஆசிரியைக்கும் உண்டு.

மூன்றாவது கராஜ்தான் வயிற்றைக் கலக்கியது. "ஹெட் கெஸ்கட் போயிருக்கிறது. காலையில் வெள்ளைப் புகை வருகிறதா?" வருகிறது என்றேன். "அப்படியானால் அதுதான்." அவர் சொன்ன தொகை என் இரண்டு மாதச் சம்பளத்தைத் தாண்டியது.

அன்றிரவு தூக்கம் வரவில்லை. அவர் சொன்னது வெறும் பூச்சாண்டி அல்ல. ஹெட் கெஸ்கட் என்பது எஞ்சினின் தலைப்பகுதியையும் உடலையும் கசியாமல் சேர்க்கும் தகடு. அது இலேசாக விட்டுப்போனால், இரவில் குளிரூட்டும் நீர் சொட்டுச் சொட்டாக ஒரு சிலிண்டருக்குள் இறங்கி நிற்கும், விடியற்காலை அந்தச் சிலிண்டர் பற்றாது, வண்டி நடுங்கும், நீர் ஆவியாகிப் போனதும் சரியாகிவிடும். என் காரின் கதையோடு அச்சாகப் பொருந்துகிறது. ஆனால் வெள்ளைப் புகை? நுவரெலியா மாவட்டத்தில் தை மாதக் காலையில் நானும்தான் வெள்ளைப் புகை விடுகிறேன். பெற்றோல் எரிந்தால் நீராவி உண்டாகும். குளிர்ந்த சைலன்சரில் அது வெண்ணிறமாகத்தான் வெளியேறும். சந்தேகப்பட வேண்டியது, சூடான பிறகும் விடாமல் வருகிற, இனிப்பு வாசனையுள்ள புகையை.

அப்பா நினைவுக்கு வந்தார். தேயிலைத் தொழிற்சாலையில் எஞ்சின் அறை அவர் பொறுப்பில் இருந்தது. மரப்பிடி போட்ட நீளமான திருப்புளி ஒன்றின் நுனியை எஞ்சின்மேல் ஊன்றி, பிடியைக் காதில் வைத்துக் கண்ணை மூடிக்கொள்வார். நாங்கள் சிறுபிள்ளைகள்; அவர் எஞ்சினோடு இரகசியம் பேசுகிறார் என்று நினைத்தோம். அதைவிட எனக்கு இப்போது பெரிதாகப் படுவது, சுவரில் ஆணியில் தொங்கிய அவருடைய நீல அட்டைக் கொப்பி. எத்தனை மணிக்கு ஓட்டினார், எண்ணெய் எவ்வளவு, நீர்ச்சூடு எவ்வளவு, சத்தத்தில் என்ன வித்தியாசம் என்று ஒவ்வொரு நாளும் எழுதிவைப்பார். துரையே வந்து கேட்டாலும் வாயால் பதில் சொல்லமாட்டார், கொப்பியைத்தான் நீட்டுவார்.

மறுநாள் நானும் ஒரு கொப்பி போட்டேன். சமையலறை ஜன்னலுக்கு வெளியே ஒரு வெப்பமானியைக் கட்டினேன். திகதி, வெப்பநிலை, வானம் எப்படி, எத்தனை விநாடி நடுக்கம் என்று நான்கு நிரல்கள். குளிரூட்டும் நீரின் போத்தலில் மட்டத்தைப் பேனாவால் கோடு போட்டு வைத்தேன்.

பதினெட்டு நாளில் கொப்பி பேசத் தொடங்கியது. முதலாவது, நீர் மட்டம் கோட்டைவிட்டு அசையவே இல்லை. இது மட்டும் ஹெட் கெஸ்கட்டை விடுதலை செய்யாது. ஆனால் இரண்டு மாதச் சம்பளத்தைச் சில வாரம் சட்டைப்பைக்குள்ளேயே வைத்திருக்கப் போதுமான சாட்சி. இரண்டாவதுதான் எனக்கே ஆச்சரியம். மூடுபனி வீட்டு வாசலை மறைத்த நாட்களில், தூறலில் நனைந்த நாட்களில், கார் நடுங்கவில்லை. வானம் பளிங்குபோல் தெளிந்து, நட்சத்திரம் கொட்டிக் கிடந்த இரவுகளுக்குப் பிறகுதான் நடுங்கியது.

மலையில் வாழ்பவர்களுக்கு இதன் பொருள் உடனே புரியும். மேகமும் மூடுபனியும் நிலத்துக்குப் போர்வை. வானம் திறந்திருக்கும் இரவில் நிலத்தின் சூடு தடையில்லாமல் மேலே போய்விடும். உறைபனி விழுந்து கொழுந்தும் கிழங்குச் செடியும் கருகுவது அப்படியான இரவுகளில்தான். ஆக, என் காருக்கு ஈரம் பிரச்சினை இல்லை, குளிர்தான் பிரச்சினை. கொயில் மாற்றிய பணம் போனது போனதுதான். வெப்பமானி பதினான்குக்கு மேலே நின்றால் நடுக்கம் பூச்சியம். பத்துக்குக் கீழே இறங்கினால் நான்கு நிமிடம்.

இந்தக் கொப்பியோடுதான் தலவாக்கலையில் ஒரு பாஸிடம் போனேன். இந்தியாவிலிருந்து வாசிப்பவர்களுக்காக ஒரு வார்த்தை: இங்கே பாஸ் என்றால் முதலாளி அல்ல, கைத்தொழில் தெரிந்தவர். ஒல்லாந்தர் விட்டுப்போன சொல். மேசன் பாஸ், தச்சுப் பாஸ், மெக்கானிக் பாஸ் எல்லோரும் உண்டு. இவருக்கு அறுபது வயதிருக்கும். கொப்பியை வாங்கி, கையைத் துடைத்துவிட்டு, ஒவ்வொரு பக்கமாக வாசித்தார். என்னிடம் அக்சிலரேட்டரைப் பற்றி எதுவும் கேட்கவில்லை. "வண்டியை இன்றிரவு இங்கே விட்டுப்போங்கள், டீச்சர். சூடான எஞ்சினிடம் குளிரைப் பற்றி விசாரிக்க முடியாது" என்றார்.

விட்டுப்போனேன். மறுநாள் அவர் தொலைபேசியில் சொன்னது: "தங்கம்போல் ஓடுகிறது. ஒன்றுமில்லையே."

எனக்கு அழுகை வராத குறை. பிறகுதான் இருவருக்கும் ஒரே நேரத்தில் உறைத்தது. தலவாக்கலை 1200 மீற்றர்; எங்கள் வீடு அதைவிட ஏறக்குறைய 500 மீற்றர் மேலே. நூறு மீற்றர் ஏறினால் அரைப் பாகைக்குச் சற்று அதிகமாகக் குளிரும் என்று தரம் பத்துப் பிள்ளைகளுக்கு நானே கரும்பலகையில் எழுதியிருக்கிறேன். கராஜின் தகரக் கூரைக்குக் கீழே அன்றிரவு பதினைந்து பாகை இருந்திருக்கும். நோயாளி வெப்பமான ஊருக்கு மாற்றலாகிப் போயிருக்கிறார், அவ்வளவுதான்.

ஞாயிற்றுக்கிழமை விடியுமுன் பாஸ் மோட்டார் சைக்கிளில் வீட்டுக்கே வந்தார். காதை மூடிய கம்பளித் தொப்பி, இரண்டு சுவெட்டர், முதுகில் ஒரு பை. அம்மா இஞ்சி போட்ட பிளேன் டீ கொடுத்தார். வெப்பமானி ஒன்பது. பையிலிருந்து, வண்டிக்குள் பெற்றோலை அளக்கும் கணினியை வாசிக்கும் ஸ்கேனர் வந்தது, அதன் பின்னால் சலூனில் தலைக்குத் தண்ணீர் தெளிக்கும் போத்தல் ஒன்றும் வந்தது. ஸ்கேனர் பற்றி ஒரு சொல். இணையத்தில் விற்கும் மலிவான கருவிகள் பழைய ஜப்பானிய வண்டிகள் பலவற்றோடு பேசுவதே இல்லை. நான் வாங்கி ஏமாந்தது இன்னும் மேசை இலாச்சியில் கிடக்கிறது.

ஸ்டார்ட் செய்ய வேண்டாம், சாவியை மட்டும் ஒரு படி திருப்புங்கள் என்றார். திரையில் நீரின் வெப்பநிலையும் உள்ளே போகும் காற்றின் வெப்பநிலையும் தெரிந்தன: ஒன்பது, ஒன்பது. இரவு முழுக்க நின்ற வண்டியில் இவை இரண்டும் ஏறத்தாழச் சமமாக இருக்க வேண்டும். நீரின் சென்சர் பொய் சொல்லி நாற்பது என்றிருந்தால், எஞ்சின் சூடாக இருப்பதாக நம்பிக் கணினி பெற்றோலைக் குறைத்திருக்கும். அதுவே நடுக்கத்துக்குப் போதும். பலர் பிளக்கை மாற்றுமுன் பார்க்க வேண்டியது இதைத்தான். காசே செலவில்லாத சோதனை.

பிறகு ஸ்டார்ட். நடுக்கம் சொல்லி வைத்ததுபோல் வந்தது. பிள்ளையார் ஆடினார். எனக்கோ, டொக்டர் முன்னால் பிள்ளைக்கு இருமல் வந்துவிட்ட தாயின் நிம்மதி.

பாஸ் பொனட்டைத் திறந்து, தலைசாய்த்துக் கொஞ்ச நேரம் கேட்டார். போத்தலை எடுத்து, காற்றை நான்கு சிலிண்டர்களுக்கும் பங்கிடும் பிளாஸ்டிக் குழாய்த்தொகுதி எஞ்சினோடு சேரும் பொருத்தில், ஒரு முனையிலிருந்து தண்ணீரைத் தெளித்துக்கொண்டு வந்தார். முதல் குழாய், ஒன்றுமில்லை. இரண்டாவது, ஒன்றுமில்லை. மூன்றாவதில் தண்ணீர் பட்டதும் எஞ்சின் சட்டென்று சீராகியது. இரண்டு விநாடி. பிறகு மறுபடி நடுக்கம். இன்னொரு தெளிப்பு, மறுபடி இரண்டு விநாடி அமைதி. "கேட்டீர்களா?" என்றார். சிலர் இந்தச் சோதனைக்குத் தீப்பற்றும் துப்புரவுத் திரவத்தை அடிப்பார்கள். சூடான சைலன்சர் குழாய்க்குப் பக்கத்தில் அது விபரீதம். தண்ணீரும் அதே வேலையைச் செய்யும்: கீறலை ஒரு கணம் அடைத்துவிடும்.

நடந்ததை எனக்குப் புரிந்த அளவில் எழுதுகிறேன். அந்தப் பொருத்தில் ஒரு இறப்பர் கெஸ்கட் இருக்கிறது. வயதாகி அதன் மெத்தை போய்விட்டது. குளிரில் சுருங்கும்போது மயிரிழை இடைவெளி விடும். உள்ளே வெற்றிடம், எனவே அந்த இடைவெளியால் காற்று திருட்டுத்தனமாக நுழையும். கணினிக்குத் தெரிவது, முன்வாசலில் நிற்கும் காற்றளவு சென்சர் எண்ணிச் சொன்ன காற்று மட்டும்தான். பின்சுவர் ஏறிக் குதித்தது தெரியாது. காற்று கூடி, பெற்றோல் குறைந்த கலவை. குளிரில் பெற்றோல் சரியாக ஆவியாகாமல் குழாய்ச் சுவரிலேயே ஒட்டிக்கொள்வதால் சிலிண்டருக்குள் போவது இன்னும் குறைவு. மூன்றாம் சிலிண்டர் பற்றாமல் விடுகிறது.

வழக்கமாகச் சைலன்சர் குழாயில் உள்ள ஒட்சிசன் சென்சர் இந்தத் திருட்டைக் காட்டிக்கொடுக்கும். ஆனால் அது வேலை செய்ய ஏறத்தாழ 300 பாகை சூடாக வேண்டும். முதல் நிமிடத்தில் காவலாளி தூக்கத்தில் இருக்கிறார். கணினி தன்னிடம் உள்ள அட்டவணையைப் பார்த்தே பெற்றோலை அளக்கிறது. அவர் விழித்த பிறகு கணினி பெற்றோலைக் கூட்டிக் கொடுத்தது. பாஸ் திரையைக் காட்டினார்: திருத்தம் கூட்டல் இருபது சதவீதத்தைத் தாண்டி நின்றது. பத்துக்குள் இருந்தால் கவலை இல்லையாம். எஞ்சின் சூடேறி இறப்பர் விரிந்து இடைவெளி மூட மூட, அந்த எண்ணும் இறங்கியது. பத்து மணிக்குப் பார்த்த எந்தக் கராஜுக்கும் இது அகப்பட்டிருக்க வழியே இல்லை. அந்த மூவர்மேல் இருந்த என் கோபம் அங்கேயே பாதியாகிவிட்டது. அக்சிலரேட்டர் கேள்விக்கு உரிய மீதிப் பாதி அப்படியே இருக்கிறது.

ஆனால் எனக்கு ஒன்று உதைத்தது. கலவையில் பெற்றோல் குறைவு என்றால், பிளக்குகள் ஏன் கறுத்திருந்தன? கரி படிவது பெற்றோல் கூடினால் அல்லவா?

பாஸுக்கு அந்தக் கேள்வி பிடித்திருந்தது. பதில் சொல்லாமல், ரேடியேட்டருக்கு மேலே போகும் தடித்த குழாயைக் காட்டி, "கையை வைத்துப் பாருங்கள்" என்றார். வெதுவெதுப்பாக இருந்தது. எஞ்சின் ஓடத் தொடங்கி ஐந்து நிமிடம்கூட ஆகவில்லை. நீரின் வெப்பநிலை இன்னும் முப்பதில்தான் நிற்கிறது. "இந்தக் குழாய் இப்போது பச்சைத் தண்ணீர்போல் இருக்க வேண்டும், டீச்சர். உள்ளே தெர்மோஸ்டாட் இல்லை. எவனோ கழற்றி எறிந்திருக்கிறான்."

தெர்மோஸ்டாட் ஒரு சிறிய மெழுகு வால்வு. நீர் எண்பது பாகையைத் தாண்டும்வரை ரேடியேட்டருக்குப் போகும் வழியை மூடி வைத்திருந்து, எஞ்சினைச் சீக்கிரம் சூடாக்கும். வண்டி கொதித்துவிட்டால் முதல் வேலையாக இதைக் கழற்றிப் போடும் வழக்கம் நம் நாட்டில் இருக்கிறது. வெயில் நாட்டுக்கு இது எதற்கு என்று ஒரு நியாயமும் சொல்வார்கள். கரையோரத்தில் அந்தப் பிழை ஓரளவு மறைந்தே இருக்கும். எங்கள் மலையில், அதுவும் காலையில் இறக்கத்தில் இறங்கும் வண்டியில், எஞ்சினுக்குச் சூடேறவே வழியில்லை. பள்ளிக்கூடம் போய்ச் சேரும்வரை ஐம்பதைச் சுற்றியே நிற்கும். எஞ்சின் இன்னும் குளிரில் இருப்பதாகக் கணினி கூடுதல் பெற்றோலைக் கொடுத்துக்கொண்டே இருக்கும். பிளக் நுனியும் தன் கரியைத் தானே எரிக்கும் சூட்டை எட்டாது. வருடக்கணக்காகப் படிந்த கரி அது. மூன்றாம் சிலிண்டரின் குறைக்கும் அந்தக் கரிக்கும் சம்பந்தமே இல்லை. முதல் கராஜ்காரர் பார்த்தது உண்மையான தடயம்தான், வேறொரு குற்றத்தின் தடயம். இரண்டும் கூட்டுச் சேர்ந்ததால்தான், மற்ற வண்டியில் ஒரு நிமிடத்தில் அடங்கியிருக்கக்கூடிய நடுக்கம் எங்கள் வண்டியில் நான்கு நிமிடம் இழுத்தது.

கெஸ்கட்டும் தெர்மோஸ்டாட்டும் சேர்த்து நான் வீணாக வாங்கிய கொயிலின் விலைகூட வரவில்லை. ஒரு பிற்பகலில் வேலை முடிந்தது. தெர்மோஸ்டாட் போடுமுன் பாஸ் அதை ஒரு பாத்திரத்துத் தண்ணீரில் போட்டு அடுப்பில் சூடாக்கி, வாய் திறப்பதை எனக்குக் காட்டினார். இரண்டாம் தவணையில் வகுப்பில் செய்துகாட்டலாம் என்று குறித்து வைத்தேன். ஹெட் கெஸ்கட் பற்றிய பயத்தையும் தீர்த்துவிடலாமென்று ரேடியேட்டர் வாயில் நீலத் திரவக் குழாயை வைத்துப் பார்த்தார். எஞ்சினில் எரிந்த வாயு நீரில் கலந்திருந்தால் அந்தத் திரவம் மஞ்சளாகும். நீலமாகவே இருந்தது.

எஞ்சினைச் சூடாக்குவதற்காக மூடிய கொட்டகைக்குள் வண்டியை ஓடவிடும் பழக்கம் எங்கள் பக்கம் சிலருக்கு உண்டு. அது மட்டும் வேண்டாம். புகையில் இருக்கும் நச்சு வாயுவான காபனோரொட்சைட்டுக்கு நிறமும் இல்லை, மணமும் இல்லை. வெளியே எடுத்து, அரை நிமிடம் விட்டு, மெதுவாக ஓட்டிக்கொண்டே சூடேற்றினால் போதும்.

அடுத்த வெள்ளிக்கிழமை அம்மாவை சீத்தா எலிய சீதையம்மன் கோயிலுக்கு அழைத்துப் போனேன். தெளிந்த வானம், வெப்பமானி எட்டு. சாவியைத் திருப்பினேன். முள் 1500க்கு ஏறி, யாரும் அவசரப்படுத்தாத மனிதர்போல் மெல்ல மெல்ல இறங்கியது. பிள்ளையார் அசையவில்லை. பழக்கதோஷத்தில் விநாடிகளை எண்ணிக்கொண்டே இருந்தேன். கொப்பியில் எழுத ஒன்றும் கிடைக்கவில்லை.

அம்மா வழக்கம்போல் முன் ஆசனத்தில் கம்பளித் தொப்பியும் சால்வையும் போர்த்தி உட்கார்ந்திருந்தார். நுவரெலியா நகரத்தைத் தாண்டும்போது தொப்பியைக் கழற்றினார். கொஞ்ச தூரம் போனதும் சால்வையை மடித்து மடியில் வைத்தார். பிறகு காலுக்குப் பக்கத்தில் காற்று வரும் துவாரத்தில் கையை நீட்டி, "இதென்ன பிள்ளை, சூட்டுக் காற்று வருகிறதே?" என்றார்.

ஹீட்டர். எஞ்சினின் சுடுநீரில்தான் அது காற்றைச் சூடாக்குகிறது. மூன்று வருடமாக அது வெதுவெதுப்புக்கு மேல் போனதில்லை. பழைய வண்டி, ஹீட்டர் கெட்டுவிட்டது என்று நானும் பேசாமல் இருந்துவிட்டேன். கொப்பியில் அதற்கு ஒரு நிரல்கூடப் போடவில்லை.

"இவ்வளவு நாளாக இதை மூடியா வைத்திருந்தாய்?" என்றார் அம்மா.